இருபது வருடங்களை அரை வரியில் தாண்டியவருக்கு

அன்புள்ள தம்பிக்கு,

பிரிட்டிஷ் நடிகர் பீட் போஸ்ட்லத்வெய்ட் பற்றி நீங்கள் எழுதிய நீண்ட கட்டுரையைப் படித்தேன். படங்களைப் பார்த்துவிட்டு எழுதியிருக்கிறீர்கள், ஆண்டுகளில் பிழை இல்லை, பெயர்கள் சரியாக இருக்கின்றன. இன்றைய நிலையில் இதுவே பாதிப் புண்ணியம். குணச்சித்திர நடிகர் என்பவர் யார், பிரிட்டனில் நடிகர்கள் மேடைக்கும் தொலைக்காட்சிக்கும் சினிமாவுக்கும் எப்படி மாறிமாறிப் போய்வருகிறார்கள் என்பதெல்லாம் உங்களுக்குத் தெரியும் என்பதால் அரிச்சுவடியை விட்டுவிடுகிறேன். என்னை எரிச்சல்படுத்திய இரண்டு இடங்களைப் பற்றி மட்டும் சொல்கிறேன். 1993க்கு முந்தைய இருபது வருடங்களை நீண்ட போராட்டம் என்று அரை வரியில் சொல்லித் தாண்டிவிட்டீர்கள். ஆனால் அவருடைய முகத்துக்குப் பக்கம் பக்கமாக இடம் கொடுத்திருக்கிறீர்கள். இரண்டும் வெவ்வேறு குறைகளாகத் தோன்றலாம், வேர் ஒன்றுதான். ஒரு நடிகரின் வாழ்க்கையை அவர் செய்த வேலையாகப் பார்க்காமல் அவருக்கு வாய்த்த விதியாகப் பார்க்கிறீர்கள். நம்மிடையே சினிமா பற்றி எழுதுகிறவர்களில் பெரும்பாலானவர்களுக்கு இந்தப் பழக்கம் உண்டு. உங்களிடம் அதைப் பொறுத்துக்கொள்ள முடியவில்லை, ஏனென்றால் உங்களுக்குப் பார்க்கத் தெரிகிறது.

முதலில் அந்தத் தொடக்கத்தை எடுத்துக்கொள்கிறேன். ஸ்பீல்பெர்கின் பாராட்டோடு கட்டுரை ஆரம்பிக்கிறது. 1997இல் ‘த லாஸ்ட் வேர்ல்ட்’, ‘அமிஸ்டாட்’ என்று இரண்டு படங்களில் அவரை வைத்து வேலை வாங்கிய ஸ்பீல்பெர்க், உலகத்திலேயே சிறந்த நடிகர் இவர்தான் என்று சொன்னார் என்பது எல்லா இரங்கல் குறிப்புகளிலும் வருகிற செய்தி. அதைக் கேலியாகத் தட்டிவிட்டவர் போஸ்ட்லத்வெய்ட்தான். தன்னை உலகத்திலேயே சிறந்த நடிகர் என்று பீட் நினைத்துக்கொண்டிருக்கிறார் என்றுதான் ஸ்பீல்பெர்க் சொல்லியிருப்பார், கேட்டவர்கள் மாற்றி எழுதிவிட்டார்கள் என்றார். சம்பந்தப்பட்டவரே சிரித்து ஒதுக்கிய நற்சான்றிதழை நீங்கள் சட்டம் போட்டு வாசலில் மாட்டியிருக்கிறீர்கள். அடுத்த சான்றிதழ், 1993இல் வந்த ‘இன் த நேம் ஆஃப் த ஃபாதர்’ படத்துக்குக் கிடைத்த ஆஸ்கர் பரிந்துரை. துணை நடிகருக்கான அந்த விருது ‘த ஃப்யூஜிடிவ்’ படத்துக்காக டாமி லீ ஜோன்ஸுக்குப் போனது என்பதைச் சொல்லி வருத்தப்பட்டிருக்கிறீர்கள். அந்தப் பாத்திரத்தில் நடித்தபோது போஸ்ட்லத்வெய்ட்டுக்கு வயது 47. அதற்கு முன் இருந்த நடிகர் யார்? அவருக்கு யார் வேலை கொடுத்தார்கள், எந்த மாதிரி வேலை, அந்த வேலை அவரிடம் எதைக் கேட்டது? உங்கள் கட்டுரையில் இதற்குப் பதில் இல்லை. ஹாலிவுட்டின் கண்ணில் பட்ட நாளில்தான் ஒருவர் நடிகராகிறார் என்ற எண்ணத்தை நீங்கள் வெளிப்படையாகச் சொல்லவில்லை. ஆனால் கட்டுரையின் அமைப்பு அதைத்தான் சொல்கிறது.

அந்த இருபது வருடங்களில் என்ன இருந்தது என்று பார்ப்போம். 1946இல் வாரிங்டனில் உழைக்கும் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். குருமடத்தில் கொஞ்ச காலம், பிறகு ஆசிரியர் பயிற்சி, பள்ளியில் வேலை, அதன் பிறகுதான் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி. 1970களில் லிவர்பூலின் எவ்ரிமேன் தியேட்டருக்கு வந்து சேர்கிறார். ஹோப் தெருவில் பழைய தேவாலயக் கட்டடம் ஒன்றில் 1964இல் தொடங்கப்பட்ட சிறிய அரங்கம் அது. அங்கே நிரந்தரக் குழு ஒன்று அடுத்தடுத்து நாடகங்களைப் போட்டது. இரவில் ஒரு நாடகத்தை ஆடிக்கொண்டே பகலில் அடுத்ததற்கு ஒத்திகை பார்க்கும் இத்தகைய குழுக்கள் அன்று பிரிட்டனின் பல நகரங்களில் இருந்தன. 1946இல் உருவான ஆர்ட்ஸ் கவுன்சில் வழங்கிய பொதுப் பணம் அவற்றைத் தாங்கியது. இந்த முறையில் நடிகருக்கு நேர்வது என்ன என்று யோசியுங்கள். பார்வையாளர்கள் அதே ஊர்க்காரர்கள். போன மாதம் உங்களைத் திருடனாகப் பார்த்தவர் இந்த மாதம் பாதிரியாராகப் பார்க்க வந்து உட்கார்ந்திருக்கிறார். உங்கள் முகம் அவருக்கு மனப்பாடம். அந்த முகத்தை வைத்து அவரை இரண்டாம் முறை ஏமாற்ற முடியாது. நடையையும் குரலையும் தோளையும் நிற்கிற விதத்தையும் மாற்றியே ஆகவேண்டும். எந்த முகத்தைத் துருப்புச்சீட்டு என்று நீங்கள் எழுதுகிறீர்களோ, அதை நம்பிப் பிழைக்க முடியாத இடத்தில்தான் அவர் தொழில் பழகினார்.

இது ஒருவருக்கு மட்டும் நேர்ந்த அதிசயம் இல்லை என்பதற்கு அந்த அரங்கத்தின் ஆட்பட்டியலே சாட்சி. ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜொனதன் ப்ரைஸ், ஆன்டனி ஷெர், பெர்னார்ட் ஹில் எல்லோரும் 1970களில் அங்கே ஆடியவர்கள். பிற்பாடு ‘டைட்டானிக்’ கப்பலின் கேப்டனாகவும் ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ படங்களில் தியோடன் மன்னனாகவும் உலகம் பார்த்த பெர்னார்ட் ஹில், 1974இல் வில்லி ரஸ்ஸலின் பீட்டில்ஸ் நாடகத்தில் அந்தச் சிறிய மேடையில் நின்றவர். ஒரு நகரத்தின் ஒரு தெருவில், பத்தே வருடங்களுக்குள் இத்தனை பேர் தற்செயலாகப் பிறந்துவிட்டார்கள் என்று சொன்னால் சோதிடர்தான் நம்புவார். 1970களின் முதல் பாதியில் அந்த அரங்கத்தை நடத்திய ஆலன் டாஸர், லிவர்பூலைப் பற்றி லிவர்பூல்காரர்களே எழுதிய நாடகங்களை விரும்பிப் போட்டார். வில்லி ரஸ்ஸலும் ஆலன் ப்ளீஸ்டேலும் அங்கே எழுதினார்கள். எழுதுகிறவர் தன் தெருவின் பேச்சில் எழுதும்போது, அந்தப் பேச்சை வாயில் வைத்திருக்கும் நடிகருக்கு வேலை வருகிறது. போஸ்ட்லத்வெய்ட் என்ற பெயர் நீளமாக இருக்கிறது, மாற்றிக்கொள் என்று ஆரம்பத்தில் அறிவுரை சொன்னார்கள், அவர் கேட்கவில்லை. அந்தப் பெயரோடும் அந்த உச்சரிப்போடும் ஒருவர் வேலை பார்க்கலாம் என்ற நிலையை உண்டாக்கியவர்கள் இந்த எழுத்தாளர்களும் அரங்கங்களும்தான்.

அங்கிருந்து தொலைக்காட்சிக்கு வழி திறந்தது எப்படி என்பதும் உங்கள் கட்டுரையில் இருந்திருக்க வேண்டும். 1981இல் பிபிசியின் ‘ப்ளே ஃபார் டுடே’ வரிசையில் ‘த மஸில் மார்க்கெட்’ என்ற நாடகம் ஒளிபரப்பானது. எழுதியவர் ப்ளீஸ்டேல், இயக்கியவர் அதே டாஸர், முக்கியப் பாத்திரத்தில் போஸ்ட்லத்வெய்ட். ஹோப் தெருவின் உறவு அப்படியே பிபிசிக்குள் நுழைந்துவிட்டதைப் பாருங்கள். ‘ப்ளே ஃபார் டுடே’ பற்றிப் பேச ஆரம்பித்தால் எனக்கு நிறுத்தத் தெரியாது, பொறுத்துக்கொள்ளுங்கள். 1970 முதல் 1984 வரை ஏறத்தாழ முந்நூறு தனி நாடகங்கள். ஒவ்வொன்றும் ஒரே இரவோடு முடிந்துவிடும். தொடர்ச்சி கிடையாது, அடுத்த வாரம் வேறு எழுத்தாளர், வேறு உலகம். 1982 நவம்பர் வரை பிரிட்டனில் மூன்றே அலைவரிசைகள் என்பதால் முன்பின் தெரியாத ஓர் எழுத்தாளரின் நாடகத்தையும் லட்சக்கணக்கானவர்கள் ஒரே இரவில் பார்த்தார்கள். மைக் லீயின் ‘அபிகெய்ல்ஸ் பார்ட்டி’ 1977இல் அப்படித்தான் வந்தது. 1979இல் டென்னிஸ் பாட்டர் எழுதிய ‘ப்ளூ ரிமெம்பர்ட் ஹில்ஸ்’ நாடகத்தில் ஏழு வயதுக் குழந்தைகளின் பாத்திரங்களை ஹெலன் மிரன் உள்ளிட்ட வளர்ந்த நடிகர்கள் நடித்தார்கள். அரைக்கால் சட்டை போட்ட கனத்த ஆண்கள் காட்டில் ஓடுகிறார்கள். சில நிமிடங்களில் அவர்களின் வயது நம் கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. நடிப்பில் முகத்தின் பங்கு எவ்வளவு என்று சந்தேகம் வரும்போதெல்லாம் அதைப் பாருங்கள். 1982இல் வேலையில்லாதவர்களின் எண்ணிக்கை முப்பது லட்சத்தைத் தாண்டிய நாட்டில் ப்ளீஸ்டேலின் ‘பாய்ஸ் ஃப்ரம் த ப்ளாக்ஸ்டஃப்’ தொடர் வந்தபோது, வேலை கேட்டு அலைகிற யோஸராக பெர்னார்ட் ஹில்லும், வறுமையில் கணவனிடம் கத்துகிற மனைவியாக ஜூலி வால்டர்ஸும் நின்றார்கள். கதாநாயகனுக்கு உதவியாளாக ஓரத்தில் நிற்கும் நடிகர்கள் அங்கே நாடகத்தின் நடுவில் நின்றார்கள். குணச்சித்திர நடிகர் என்ற தனிச் சாதி அந்த நாடகங்களில் கிடையாது. குணச்சித்திரங்கள் மட்டுமே இருந்தன.

நான்காவது அலைவரிசையாகச் சானல் 4 வந்த பிறகு அதே துணிச்சல் சினிமாவுக்கு நகர்ந்தது. பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டும் சானல் 4ம் சேர்ந்து பணம் போட்ட டெரன்ஸ் டேவிஸின் ‘டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்’ 1988இல் வெளியானது. இந்தப் படத்தின் கிறிஸ்துமஸ் காட்சியைப் பற்றி நீங்கள் எழுதிய பத்தியை நான் தாராளமாகப் பாராட்டுகிறேன். இரவில் தூங்குகிற குழந்தைகளை ஒரு நிமிடம் நின்று பார்க்கிற அதே தந்தை, மறுநாள் சாப்பாட்டு மேசையின் விரிப்பைப் பிடித்து இழுத்து எல்லாவற்றையும் தரையில் கொட்டுகிறார். இழுப்பதற்கு முன் அவருடைய கை விரிப்பின் ஓரத்தைப் பற்றி இறுகுவதை நீங்கள் கவனித்திருக்கிறீர்கள். கோபம் வருவதற்கு முன்பே கை முடிவெடுத்துவிட்டது என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தக் காட்சியைப் பற்றித் தமிழில் இதைவிட நன்றாக யாரும் எழுதிவிட முடியாது. கட்டுரை முழுவதும் அப்படிக் கைகளைப் பார்த்திருந்தால் நான் இந்தக் கடிதத்தை எழுதியிருக்க வேண்டியதில்லை. அடுத்த பத்தியிலேயே நீங்கள் முகத்துக்குத் திரும்பிவிட்டீர்கள். துருத்திய கன்ன எலும்பு, குழிந்த கண், வாழ்க்கை செதுக்கிய முகம் என்று போகிறது. வாழ்க்கை யார் முகத்தையும் செதுக்குவதில்லை. அது பெற்றோர் கொடுத்த எலும்பு.

அவர் நடித்த மூன்று தந்தைகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். முகம் எவ்வளவு குறைவாக விளக்குகிறது என்பது புரியும். 1988இல் டேவிஸின் தந்தை. 1993இல் ‘இன் த நேம் ஆஃப் த ஃபாதர்’ படத்தில், கில்ட்ஃபோர்ட் குண்டுவெடிப்பு வழக்கில் சிக்கிய மகனுக்காகப் பெல்ஃபாஸ்ட்டிலிருந்து இங்கிலாந்து வந்து, தானும் கைதாகி, கைதியாகவே 1980இல் இறந்துபோன ஜுசெப்பே கான்லன். 1996இல் ‘ப்ராஸ்ட் ஆஃப்’ படத்தில் சுரங்கத் தொழிலாளர்களின் பித்தளை வாத்தியக் குழுவை நடத்தும் டேனி. மூன்று பேருமே நோயாளிகள். பின்னிரண்டு பேருக்கு நோய் நுரையீரலில். ஒரு சாதாரண நடிகர் இருமலை ஒரே மாதிரி இருமியிருப்பார். ஜுசெப்பேயின் மூச்சைக் கேளுங்கள்: இரைச்சலை அடக்கிக்கொண்டு, யாருக்கும் தொந்தரவாக இருக்கக்கூடாது என்று மெல்ல இழுத்து விடுகிற மூச்சு. மகனைக் கண்டிக்கும்போது அவர் குரலை உயர்த்துவதில்லை, உயர்த்தக் காற்று இல்லை. வாக்கியத்தின் நடுவில் விழும் இடைவெளியே கண்டிப்பாகிவிடுகிறது. டேனியின் மூச்சு வேறு. நிலக்கரித் தூசி படிந்த நெஞ்சு. ஆனால் வாத்தியக் குழுவை நடத்துகிறவர் என்பதால் எந்த இடத்தில் மூச்செடுக்க வேண்டும் என்று பிறருக்குக் கற்றுத்தருவதே அவர் தொழில். நோயைத் தாளக்கட்டுக்குள் வைக்கப் பார்க்கிறார். இருமல் அந்தக் கட்டை மீறும்போது முதலில் அவருக்கு வருவது எரிச்சல், பயம் பிறகுதான். சங்கீதம் தவிர எதுவும் முக்கியமில்லை என்று அடம்பிடித்த அந்த மனிதர் கடைசியில் ஆல்பர்ட் ஹாலில் கோப்பையை மறுத்துப் பேசும்போது ஒவ்வொரு வாக்கியத்துக்கும் காற்றைச் சேமித்துச் சேமித்துச் செலவழிக்கிறார். இது மேடையில் பழகிய கணக்கு. பின்வரிசைக்குக் கேட்கவேண்டிய வாக்கியத்துக்கு எவ்வளவு காற்று வேண்டும் என்று வருடக்கணக்கில் கணக்குப் பார்த்தவரால்தான், காற்றில்லாத மனிதனை இவ்வளவு துல்லியமாகக் காட்ட முடியும்.

டேனியின் பாத்திரம் எங்கிருந்து வந்தது என்பதையும் விட்டுவிட்டீர்கள். படத்தில் வாசிப்பது யார்க்‌ஷயரின் உண்மையான க்ரைம்தார்ப் சுரங்க வாத்தியக் குழு. 1992 அக்டோபரில் சுரங்க மூடல்கள் அறிவிக்கப்பட்ட சில நாட்களிலேயே அந்தக் குழு தேசியப் போட்டியில் வென்றது. மறு ஆண்டு அதன் சுரங்கம் மூடப்பட்டது. அந்த வரலாற்றைப் படமாக்க மார்க் ஹெர்மனுக்குப் பணம் கொடுத்தவர்களில் சானல் 4ம் உண்டு. எழுத்தாளர், நிகழ்வு, நிறுவனம், நடிகர் என்று நாலும் ஒன்றுசேர்ந்தால்தான் ஒரு டேனி பிறக்கிறார். நடிகரை மட்டும் பிய்த்தெடுத்துப் புகழ்ந்தால் மற்ற மூன்றுக்கும் துரோகம், அவருக்கும்தான்.

சரி, முகத்துக்கே வருவோம். அந்த முகம் உழைக்கும் வடக்கு இங்கிலாந்தின் முகம், அதனால்தான் அவருக்கு வேடங்கள் கிடைத்தன என்பது உங்கள் வாதம். அப்படியானால் 1995இல் ‘த யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்’ படத்தின் கோபயாஷியை எந்தக் கணக்கில் எழுதுவீர்கள்? ஜப்பானியப் பெயர், எந்த நாட்டுடையது என்று சொல்ல முடியாத உச்சரிப்பு, சலனமே இல்லாத வழக்கறிஞர். எங்கிருந்து வந்தவர் என்று நிலைநிறுத்த முடியாமல் இருப்பதில்தான் அந்தப் பாத்திரம் நிற்கிறது. படம் முடியும்போது அதற்கான காரணமும் தெரிகிறது. 1994இல் பிபிசி எடுத்த டிக்கன்ஸின் ‘மார்ட்டின் சஸில்விட்’ தொடரில் அவர் நடித்த பாத்திரத்தைப் பாருங்கள். முதலில் மாண்டேக் டிக் என்ற பெயரில் கிழிந்த கோட்டோடு கடன் கேட்டு அலைகிற ஆள். பிறகு பெயரை டிக் மாண்டேக் என்று திருப்பிப் போட்டுக்கொண்டு, ஆங்கிலோ-பெங்காலி என்று ஆடம்பரப் பெயர் சூட்டிய மோசடிக் காப்பீட்டு நிறுவனத்தின் தலைவர். முகம் அதேதான். உட்காரும் விதமும், பேசும் வேகமும், அடுத்தவரைத் தொடும் தைரியமும் மாறிவிட்டன. அதே ஆண்டில் ஐடிவியின் ‘ஷார்ப்’ படங்களில் ஒபதாயா ஹேக்ஸ்வில்: தூக்கில் போடப்பட்டும் சாகாத, தொப்பிக்குள் பார்த்துச் செத்துப்போன தாயோடு பேசுகிற சார்ஜன்ட். கழுத்தின் ஒரு துடிப்பில் அவனுடைய முழு வரலாறும் இருக்கிறது.

முகமே இல்லாமலா நடிகரைத் தேர்ந்தெடுப்பார்கள் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. தேர்வாளர்கள் முதலில் பார்ப்பது புகைப்படத்தைத்தான். ஹேக்ஸ்வில் மாதிரி ஒரு வில்லனுக்கு அந்தக் கன்ன எலும்புகள் கொஞ்சம் வேலை செய்திருக்கும். ஆனால் முகம் விளக்குவது ஒருவரை ஒரு முறை ஏன் கூப்பிட்டார்கள் என்பதை. முப்பது வருடம் தொடர்ந்து ஏன் கூப்பிட்டார்கள் என்பதற்கு வேறு விளக்கம் தேவை. வித்தியாசமான முகம் கொண்ட நடிகர்கள் எல்லாத் தலைமுறையிலும் நிறையவே இருக்கிறார்கள். பெரும்பாலோர் ஒரே வேடத்தைத் திரும்பத் திரும்பச் செய்து ஓய்ந்துபோகிறார்கள், ஏனென்றால் அவர்களை அழைத்தவர்கள் முகத்தை மட்டும் வாடகைக்கு எடுத்தார்கள்.

இன்னொரு ஆட்சேபமும் எழும். அது இதைவிடக் கனமானது. அதே எவ்ரிமேனில், அதே பிபிசியில், அதே வருடங்களில் வேலை செய்த இன்னும் எத்தனையோ பேர் போஸ்ட்லத்வெய்ட் ஆகவில்லையே, நிறுவனம்தான் நடிகரை உண்டாக்குகிறது என்றால் அவர்கள் எங்கே? திறமையை நான் மறுக்கவில்லை. நிறுவனம் திறமையை உண்டாக்குவதில்லை. அதை வளர்த்தெடுக்கத் தேவையான காலத்தைத் தருகிறது. கதாநாயகனாக வருகிறவர் இருபத்தைந்து வயதில் ஒரு படத்தில் ஜெயித்துவிடலாம். குணச்சித்திர நடிகருக்கு அது சாத்தியமில்லை, ஏனென்றால் அவர் விற்கிற பொருள் பலவகை. பலவகையைக் கற்க வருடங்கள் ஆகும், அந்த வருடங்களில் அவர் சாப்பிட்டாக வேண்டும். ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியின் சம்பளமும், பிபிசி நாடகங்களும், சின்னச் சின்னத் திரை வேடங்களும் சேர்ந்துதான் அவரை 47 வயது வரை நடிகராகவே வைத்திருந்தன. அவை இல்லாதிருந்தால் திறமை போயிருக்காது; அதை வைத்திருந்தவர் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தி ஓய்வு பெற்றிருப்பார். அங்கே எத்தனை பேர் அவரைப் போல ஆகவில்லை என்பதை மட்டும் எண்ணிக்கொண்டிருப்பவர், ஆனவர்களில் எத்தனை பேர் அந்த வழியாக வந்தார்கள் என்பதையும் எண்ண வேண்டும்.

பழைய பிபிசிக்குப் பல்லாண்டு பாடுகிறேன் என்றும் யாராவது சொல்லலாம். அந்த அமைப்பு எல்லோருக்கும் கதவு திறந்துவைத்திருக்கவில்லை என்பது உண்மை. தெற்காசிய, கறுப்பின நடிகர்களுக்கு நெடுங்காலம் அங்கே கிடைத்தவை கடைக்காரர் வேடமும் பஸ் கண்டக்டர் வேடமும்தான். ஆனால் அதற்கு இருந்த விதிவிலக்குகள்கூட என் வாதத்துக்குத்தான் துணை நிற்கின்றன. சயீத் ஜாஃப்ரியும் ரோஷன் சேத்தும் தேர்ந்த நடிகர்கள் என்பது 1985க்கு முன்பே தெரிந்த விஷயம். ஆனாலும் தெற்கு லண்டனின் பாகிஸ்தானியக் குடும்பத்தில், ஒருவர் பணம் பண்ணும் மாமாவாகவும் மற்றவர் குடித்தே கரையும் இடதுசாரிப் பத்திரிகையாளர் தந்தையாகவும், முழு மனிதர்களாக நிற்க அவர்களுக்கு ‘மை பியூட்டிஃபுல் லாண்ட்ரெட்’ வரவேண்டியிருந்தது. அதை எழுத ஹனீஃப் குரேஷி வேண்டியிருந்தார். தொலைக்காட்சிப் படம் என்று 16 எம்எம்மில் எடுக்கப் பணம் கொடுக்க சானல் 4 வேண்டியிருந்தது. எழுத்தாளர் வந்தார், பணம் வந்தது, பாத்திரம் வந்தது, நடிகர் ஏற்கெனவே காத்திருந்தார். ஜாஃப்ரியின் முகம் 1985இல் புதிதாக மாறிவிடவில்லை.

இதையெல்லாம் எழுதினால் தமிழ் வாசகருக்கு என்ன புரியும், அவர் பார்த்தது ‘த லாஸ்ட் வேர்ல்ட்’ என்ற டைனோசர் படம்தானே என்று நீங்கள் நினைக்கலாம். டைனோசர் படத்திலிருந்தே தொடங்குங்கள், தடையில்லை. ரோலண்ட் டெம்போ என்ற அந்த வேட்டைக்காரர் பிரம்மாண்டமான விலங்குகளுக்கு நடுவில் ஏன் பெரியவராகத் தெரிகிறார் என்று கேட்டு, அங்கிருந்து பின்னோக்கிப் போங்கள். மேடை வேலைக்குப் பதிவு இல்லை, பழைய தொலைக்காட்சி நாடகங்கள் எளிதில் கிடைப்பதில்லை என்பதும் உண்மைதான். கட்டுரையாளருக்கு வேலையே அங்கேதான் இருக்கிறது. போஸ்ட்லத்வெய்ட் இறந்த பிறகு 2011இல் வெளிவந்த தன்வரலாறான ‘எ ஸ்பெக்டகிள் ஆஃப் டஸ்ட்’ இருக்கிறது. அந்தக் காலத்து மதிப்புரைகள் இருக்கின்றன. உடன் நடித்தவர்கள் எழுதிய நினைவுகள் இருக்கின்றன. நீங்கள் பயன்படுத்தியது படப்பட்டியல் ஒன்றைத்தான். படப்பட்டியலுக்கு எல்லா வேலையும் ஒரே அளவுதான். எது நடிகரை மாற்றியது என்று அதற்குத் தெரியாது.

கட்டுரை முழுக்க ஓடுகிற பரிதாபத்தையும் கைவிடுங்கள். கதாநாயகனாகாமலே போய்விட்டார், காலம் கடந்து அங்கீகாரம் வந்தது என்று புலம்புகிறீர்கள். ஆஸ்கர் பரிந்துரை வந்த 1994இல்தான் ஹேக்ஸ்வில்லும் டிக்கும் தொலைக்காட்சியில் வந்தார்கள் என்பதைச் சொன்னேன். அவருக்குத் தொலைக்காட்சி ஏணியின் கீழ்ப்படி அல்ல. ஏணி என்ற ஒன்றே அவர் மனதில் இருந்ததற்கு அடையாளம் இல்லை. 1999இல் தோரா ஹேர்டோடு ‘லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்’ என்ற தொலைக்காட்சிப் படத்தில் முதுமையில் தளர்ந்துபோகும் தாயைப் பார்த்துக்கொள்ளும் மகனாக நடித்தார். நடிப்பு என்பது பெரும்பாலும் அடுத்தவரைக் கேட்பது என்பதற்கு அதைவிட நல்ல பாடம் கிடையாது. 2008இல், 62 வயதில், எங்கு வேண்டுமானாலும் லியர் மன்னனாக நடித்திருக்கக்கூடியவர், எவ்ரிமேனுக்குத் திரும்பிப்போய் அங்கே நடித்தார். மதிப்புரைகள் கலவையாகவே வந்தன. அதையும் எழுதுங்கள்; தோல்வியின் சாயல் படாத நடிகரைப் பற்றிப் படிக்க எனக்கு ஆர்வம் இல்லை.

கடைசியாக ‘இன்செப்ஷன்’. 2010இல் வந்த அந்தப் படத்தில் மரணப் படுக்கையில் கிடக்கும் செல்வந்தரின் முகத்தில் நடிகரின் சொந்த நோயைப் படித்திருக்கிறீர்கள். அவர் 2011 ஜனவரி 2ஆம் தேதி புற்றுநோயால் இறந்தார் என்பதை வைத்துக் காட்சிக்கு உருக்கம் ஏற்றியிருக்கிறீர்கள். இது நியாயமில்லை. மொத்தம் சில நிமிடங்கள், பேசக் கிடைத்தது சில சொற்கள். மகன் தன் மேல் கொண்டிருக்கும் எண்ணத்தை மாற்றினால்தான் படத்தின் கதையே நகரும். அந்த முழுப் பாரத்தையும் ஏமாற்றம் என்று பொருள்படும் ஒரு சொல்லின் மேல் ஏற்றி, முதல் தடவை அது மகன் மேல் வந்த ஏமாற்றமாகவும், முடிவில் மகன் தன்னைப் போலாக முயன்றதன் மேல் வந்த ஏமாற்றமாகவும் மாற்றிக்காட்டுகிறார். குரல் கிட்டத்தட்ட இல்லை, மூச்சுதான். ஜுசெப்பேயும் டேனியும் செய்து பழகிய நுரையீரல் அது. நோயை வைத்து அதை விளக்கினால் நாற்பது வருட உழைப்பைப் பறித்து நோய்க்குக் கொடுக்கிறீர்கள். நடிகர்களுக்கு நாம் செய்யக்கூடிய பெரிய அவமரியாதை அதுதான்.

கட்டுரையைத் தூக்கிப்போட வேண்டாம். ஸ்பீல்பெர்கை நீக்குங்கள், முகத்தை ஒரு பத்திக்குள் அடக்குங்கள், ஹோப் தெருவிலிருந்து தொடங்கித் திரும்ப எழுதுங்கள். கிறிஸ்துமஸ் மேசைப் பத்தியில் கைவைக்காதீர்கள். அடுத்ததாக, ஆஸ்கர் பரிந்துரை எதுவுமே இல்லாத ஒரு நடிகரை எடுத்துக்கொள்ளுங்கள். ‘பாய்ஸ் ஃப்ரம் த ப்ளாக்ஸ்டஃப்’ தொடரில் கிறிஸ்ஸியாக நடித்து, பிறகு இருபது ஆண்டுகளுக்கு மேல் பிரிட்டிஷ் குழந்தைகளுக்குத் தாமஸ் ரயில் வண்டியின் கதையைச் சொன்ன மைக்கேல் ஏஞ்சலிஸைப் பற்றி எழுதிப் பாருங்கள். சான்றிதழ் எதையும் பிடித்துக்கொள்ளாமல் ஒரு நடிகரின் வேலையைப் பற்றிப் பத்துப் பக்கம் எழுத உங்களால் முடியும் என்று நம்புகிறேன். எழுதியதும் எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்,
உங்கள் வாசகன்